பழைய வண்டிக்குப் புது டயர்: அளவு பார்த்து வாங்குவது எப்படி?

மளிகைக்காரனுக்கும் டயருக்கும் என்ன சம்பந்தம் என்று சில நண்பர்கள் கேட்கக்கூடும். தோணிரேவு, பழவேற்காடு பக்கத்தில் கடை வைத்திருப்பவர்கள் அப்படிக் கேட்க மாட்டார்கள். நமக்குப் பொன்னேரி ஏறக்குறைய 20 கிலோமீட்டர். அரிசி, சர்க்கரை, எண்ணெய் எல்லாம் அந்த வழியாகத்தான் ஊருக்குள் வரவேண்டும். ஏரியில் பிடித்த இறாலும் நண்டும் அதே வழியாகத்தான் வெளியே போகவேண்டும். இந்தப் போக்குவரத்தில் பாதிக்கு மேல் சுமப்பவை பழைய ஆம்னி வண்டிகள். 1984-ல் மாருதி வேன் என்று வந்து, பிறகு ஆம்னி என்று பெயர் மாறி, 2019-ல் உற்பத்தி நின்றுபோன வண்டி அது. நின்றாலும் நம்மால் விடமுடியவில்லை. குப்பத்துச் சந்தில் கதவைத் தள்ளித் திறந்து மூட்டை இறக்க அதற்கு இணையாக எனக்கு வேறு வண்டி அமையவில்லை.

என்னிடம் இருப்பதும் கைமாறி வந்த ஒரு ஆம்னிதான். இரண்டு ஆண்டுகளுக்கு முன்பு தீபாவளிச் சரக்கு எடுக்கப் பொன்னேரி போய்த் திரும்பும்போது, திருப்பாலைவனம் தாண்டிப் பின்பக்க இடது டயர் வெடித்தது. ஓட்டியவர் என் மைத்துனர். கெட்டிக்காரர், பிரேக்கை மிதிக்காமல் வண்டியைப் பிடித்து நிறுத்திவிட்டார். இரண்டு சர்க்கரை மூட்டை பள்ளத்துத் தண்ணீரில் போனதோடு ஆபத்து விலகியது. எதிரே பஸ் வந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று இன்றைக்கும் வீட்டில் பேச்சு வரும்.

அந்த டயர் வாங்கி எட்டு மாதம்கூட ஆகவில்லை, பட்டன் அப்படியே இருந்தது. பஞ்சர் கடைத் தம்பி கிழிந்த டயரைப் புரட்டிப் பார்த்து, “அண்ணே, இது கார் டயர். உங்க வண்டிக்கு எல்.டி. போடணும்” என்றான். வாங்கிய கடைமேல் பழி போட எனக்கு மனம் வரவில்லை. அன்றைக்கு நான் கேட்டது “ஆம்னிக்கு 12 இஞ்ச் டயர் என்ன விலை” என்பது மட்டும்தான். குறைந்த விலை சொன்னார், ஜோடியாக வாங்கிப் பின்னால் மாட்டிக்கொண்டேன். அதன் பிறகு நாலு இடத்தில் விசாரித்துத் தெரிந்துகொண்டதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

டயரின் பக்கவாட்டில் உள்ள எழுத்து

நமக்கு மூட்டைமேல் உள்ள மார்க்கா எப்படியோ, டயருக்குப் பக்கவாட்டு எழுத்து அப்படி. 145/80 ஆர் 12 என்று இருந்தால், 145 என்பது டயரின் அகலம், மில்லிமீட்டரில். 80 என்பது பக்கச் சுவரின் உயரம், அகலத்தில் 80 சதவீதம். ஆர் என்றால் ரேடியல். 12 என்பது ரிம்மின் குறுக்களவு, அங்குலத்தில். ஒரே டயரில் மில்லிமீட்டர், சதவீதம், அங்குலம் மூன்றும் கலந்திருப்பது வேடிக்கைதான்.

பழைய வண்டிகளில் கணக்கு வேறு. அம்பாசடருக்கு 5.90-15, பிரீமியர் பத்மினிக்கு 5.20-14 என்று இருக்கும். அகலமும் அங்குலத்திலேயே இருக்கும், நடுவில் ஆர் இருக்காது. அவை ரேடியல் வருவதற்கு முந்திய குறுக்கு நூல் டயர்கள். 2014-ல் உற்பத்தி நின்ற அம்பாசடரை இன்னும் வைத்திருக்கும் பெரியவர்கள் ரேடியலுக்கு மாறலாம். மாறினால் நாலையும் மாற்றுவதே நல்லது. ஒரே அச்சில் ஒரு பக்கம் ரேடியலும் மறுபக்கம் பழைய வகையும் கூடவே கூடாது, வளைவில் வண்டி ஒரு பக்கமாக இழுக்கும்.

அளவுக்குப் பக்கத்தில் 74டி, 80/78 என்பதுபோல ஓர் எண் இருக்கும். நாம் பார்க்காமல் விடுவது இதைத்தான். ஒரு டயர் தாங்கும் சுமையைச் சொல்லும் குறியீட்டு எண் அது. 74 என்றால் 375 கிலோ. 78 என்றால் 425, 80 என்றால் 450 கிலோ. பக்கத்தில் உள்ள எழுத்து வேகத்துக்கு. நம் ரோட்டில் அது பெரிய விஷயமில்லை.

ஆம்னிக்குக் கம்பெனி சொன்ன அளவு 145 ஆர் 12 எல்.டி. எல்.டி. என்பது இலகு சரக்கு வண்டிக்கானது என்பதன் சுருக்கம். கூடவே 6 பி.ஆர். என்று போட்டிருக்கும், அதன் சுமைக் குறியீடு 80/78. ஆல்டோ காருக்கு வரும் 145/80 ஆர் 12 டயரும் அதே 12 அங்குல ரிம்மில் அழகாக உட்காரும், உயரமும் ஏறக்குறைய அதேதான். ஆனால் அதன் குறியீடு 74. கண்ணுக்கு இரண்டும் ஒன்றாகத் தெரிவதால்தான் ஏமாந்துபோகிறோம்.

நம் தொழிலுக்குப் பழகிய கணக்கிலேயே பாருங்கள். ஆம்னியின் சொந்த எடை ஏறக்குறைய 800 கிலோ. அதில் பாதி பின் அச்சில் என்று வைத்தால் 400. பத்துச் சிப்பம் அரிசி ஏற்றுகிறோம். 2022-ல் 25 கிலோ வரையான பாக்கெட்டுக்கு ஜி.எஸ்.டி. வந்த பிறகு சிப்பம் 26 கிலோ ஆகிவிட்டது அல்லவா, ஆக 260 கிலோ. சர்க்கரை இரண்டு மூட்டை 100. எண்ணெய் 15 கிலோ டின் ஐந்து, 75. மொத்தம் 435 கிலோ. எல்லாம் பின்னால்தான் அடுக்குகிறோம். இதில் 380 கிலோ பின் அச்சில் விழுந்தாலும் மொத்தம் 780 ஆகிறது. கார் டயர் இரண்டும் சேர்ந்து தாங்குவது 750. எல்.டி. டயர் இரண்டு 900 தாங்கும். என் டயர் வெடித்ததற்கு வேறு விளக்கம் எனக்குத் தேவைப்படவில்லை. வெயிலும் குறைந்த காற்றும் சேர்ந்தால் இந்த வித்தியாசம் இன்னும் மோசமாகும். பக்கச் சுவர் மடங்கி மடங்கிச் சூடேறி உள்ளே நூல் அறுந்துபோகிறது. வெளியே பட்டன் புத்தம் புதிதாகவே தெரியும்.

இன்னொரு சங்கதி. சிலர் பார்வைக்கு நன்றாக இருக்கும் என்று 13 அங்குல அலாய் சக்கரத்துக்கு மாறி 155/65 ஆர் 13 போடுகிறார்கள். உயரக் கணக்கு சரியாகவே வரும். 145/80 ஆர் 12-ன் மொத்த உயரம் 537 மி.மீ., இது 532 மி.மீ. ஆனால் கார் வகையில் வரும் அந்த அளவுக்குச் சுமைக் குறியீடு 73, அதாவது 365 கிலோ. டயர் பெரிதானதுபோலத் தோன்றும், தாங்கும் சுமையோ குறைந்துவிடும்.

உயரக் கணக்கை நீங்களே போடலாம். அகலத்தைப் பக்கச் சுவர்ச் சதவீதத்தால் பெருக்கி, இரண்டால் பெருக்கி, ரிம் அங்குலத்தை 25.4-ஆல் பெருக்கிக் கூட்டினால் மொத்த உயரம் மில்லிமீட்டரில் கிடைக்கும். பழைய மாருதி 800-க்கு 145/70 ஆர் 12. உயரம் 508 மி.மீ. அதற்கு 145/80 மாட்டினால் கிட்டத்தட்ட 6 சதவீதம் உயர்ந்துவிடும். மீட்டர் 60 காட்டும்போது வண்டி 63-க்கு மேல் ஓடும், இழுவை குறையும், திருப்பும்போது உள்ளே உரசவும் செய்யலாம். இரண்டு மூன்று சதவீத வித்தியாசத்துக்கு மேல் போகாமலிருப்பது நல்லது.

டிஸ்க் வாங்கும்போது

நம் ஊரில் டயரைவிட முதலில் கெடுவது டிஸ்க்தான். காரணம் உப்பு. முகத்துவாரத்துக் காற்றே போதும். அதோடு இறால் பெட்டியிலிருந்து ஐஸ் உருகி ஒழுகும் தண்ணீர் பின் சக்கரத்துக்கு மேலேயே இறங்குகிறது. டயர் விளிம்பு உட்காரும் இடத்தில் துரு பொருக்குப் பொருக்காகக் கிளம்பும். டியூப் உள்ள டயரில் அந்தப் பொருக்கு டியூபை அறுக்கும். டியூப் இல்லாத டயரில் காற்று கசியும். பஞ்சரே இல்லாமல் வாரம் ஒருமுறை காற்று இறங்குகிறது என்றால் பெரும்பாலும் இதுதான் காரணம். டயரைக் கழற்றிக் கம்பி பிரஷ் போட்டுத் தேய்த்துப் பெயிண்ட் அடித்தால் சில காலம் ஓடும். தகடு அரித்துப்போயிருந்தால் மாற்றத்தான் வேண்டும்.

மாற்று டிஸ்க் தேடி நம்மவர்கள் சென்னை புதுப்பேட்டைக்குப் போவது வழக்கம். அங்கே நல்லதும் கிடைக்கும், கழிவும் கிடைக்கும். நாலு துளை இருக்கிறது, மாட்டிவிடும் என்று வாங்கிவிடக் கூடாது. நாலு துளைச் சக்கரத்தில் எதிரெதிர்த் துளைகளின் மையத்துக்கு மையம் அளக்கவேண்டும். மாருதி 800, ஆம்னிக்கு அது 114.3 மி.மீ. அதே கம்பெனியின் ஸ்விப்டுக்கு 100 மி.மீ. கம்பெனி ஒன்று என்பதால் சக்கரமும் ஒன்றாகிவிடாது. துளையை இழுத்துப் பெரிதாக்கி மாட்டித் தருகிறேன் என்று யாராவது சொன்னால் அந்தக் கடையைவிட்டு இறங்கிவிடுங்கள். துளை நீண்டுபோன டிஸ்க், வெல்டிங் வைத்த டிஸ்க், சுழற்றினால் ஆடும் டிஸ்க் மூன்றும் இரும்புக் கடைக்குத்தான்.

நடுத்துளை வண்டியின் ஹப்பில் தளர்வில்லாமல் உட்காரவேண்டும். ரிம்மின் அகலமும் முக்கியம். 145 அகல டயருக்கு நாலு முதல் ஐந்து அங்குல ரிம் பொருந்தும். குறுகிய ரிம்மில் அகல டயரைத் திணித்தால் டயர் நடுவில் புடைத்து நடுப்பட்டன் மட்டும் தேயும். அடுத்தது, சக்கரம் எவ்வளவு உள்ளே தள்ளி உட்காருகிறது என்பது. புதுச் சக்கரம் பழையதைவிட வெளியே துருத்தினால் பேரிங் சீக்கிரம் போகும், காலி வண்டியில் சரியாக இருப்பது சுமை ஏற்றியதும் மட்கார்டில் உரசும். ஆகவே மாட்டியவுடன் காசைக் கொடுத்துவிடாமல் நாலு பேரைப் பின்னால் உட்காரவைத்து, ஸ்டீயரிங்கை இரு பக்கமும் கடைசிவரை திருப்பிப் பாருங்கள். நட்டுகளை எதிரெதிராக மாற்றி மாற்றி இறுக்கவேண்டும். 100 கிலோமீட்டர் ஓடியதும் மறுபடி ஒருமுறை இறுக்கிவிடவேண்டும்.

அலாயா இரும்பா என்று கேட்டால், நம் பகுதிக்கு இரும்புதான் என்பது என் அபிப்பிராயம். பள்ளத்தில் விழுந்து நெளிந்த இரும்பைப் பெரும்பாலும் தட்டி நிமிர்த்தலாம், அலாய் விரிந்துவிடும். உப்புக்கு அலாயும் தப்புவதில்லை, வெள்ளை வெள்ளையாகப் பூத்து அங்கேயும் காற்று கசியும். பழைய டியூப் காலத்து டிஸ்க்கில் டியூப் இல்லாத டயரை அப்படியே போடுவதும் சரியில்லை. டயர் விளிம்பைப் பிடித்து நிறுத்தும் சிறு மேடு அந்த டிஸ்க்குகளில் இருக்காது. அவற்றில் டியூபோடு ஓட்டுவதுதான் முறை.

தேதியும் பில்லும்

பிஸ்கட் பாக்கெட்டில் தேதி பார்க்கும் நாம் டயரில் பார்ப்பதில்லை. பக்கவாட்டில் நீள்வட்டத்துக்குள் நாலு இலக்கம் இருக்கும். 2324 என்றால் 2024-ம் ஆண்டின் 23-வது வாரம் தயாரானது. அதிகம் விற்காத பழைய அளவுகள் குடோனில் பல ஆண்டு தங்கிவிடும். ‘புது டயர்’ என்று ஐந்து ஆண்டுப் பழசைத் தந்தால் வாங்கவேண்டாம், ரப்பர் இறுகிப்போயிருக்கும். ஐ.எஸ்.ஐ. முத்திரையையும் பாருங்கள்.

எப்போது மாற்றுவது? கார், வேன் டயரில் பட்டன் ஆழம் 1.6 மில்லிமீட்டருக்குக் கீழே போகக்கூடாது என்பது மோட்டார் வாகன விதி. அதைக் காட்டப் பள்ளத்துக்குள்ளேயே சிறு மேடு வைத்திருப்பார்கள், பட்டன் தேய்ந்து அந்த மேட்டோடு சமமானால் டயர் முடிந்தது. மழைக்காலத்தில் ரோட்டில் தண்ணீர் நிற்கும் நம் பகுதியில் அதுவரை காத்திருக்கவேண்டாம். இரண்டு மட்டும் புதிதாக வாங்கினால் பின்னால் மாட்டுவதே நல்லது. சுமை அங்கேதான், பின் சக்கரம் வழுக்கினால் வண்டியைப் பிடிப்பதும் கடினம். ஸ்டெப்னியும் அதே அளவு, அதே எல்.டி. வகையாக இருக்கட்டும்.

பில் இல்லாமல் டயர் வாங்கவேண்டாம். அளவு, எல்.டி. என்பது, தயாரிப்பு எண் மூன்றும் பில்லில் எழுதச் சொல்லுங்கள், வாரண்டிக்கு அதுதான் சாட்சி. இந்த டயர்களுக்கு 28 சதவீதமாக இருந்த ஜி.எஸ்.டி. 2025 செப்டம்பர் 22 முதல் 18 சதவீதமானது. வண்டி சரக்கு வாகனமாகப் பதிவானதா, பயணிகள் வாகனமாகப் பதிவானதா என்பதைப் பொறுத்து உள்ளீட்டு வரி விஷயம் மாறும். ஆர்.சி. நகலோடு உங்கள் கணக்கரைக் கேளுங்கள்.

ஒரு வேடிக்கை. எம்.ஆர்.எப். கம்பெனி 1946-ல் பலூன் செய்யும் சிறு தொழிலாகத் தொடங்கியது நமக்குப் பக்கத்துத் திருவொற்றியூரில். மிச்லின் ஆலை இருக்கும் தேர்வாய் கண்டிகையும் நம் மாவட்டம்தான். இவ்வளவு டயர் விளையும் சீமையில் இருந்துகொண்டு தப்பு டயர் மாட்டியவன் நான்.

இப்போது என் ஆம்னியில் நாலும் எல்.டி. டயர்கள். அளவையும் மாட்டிய தேதியையும் கடைப் பேரேட்டின் முதல் பக்கத்தில் எழுதி வைத்திருக்கிறேன். சரக்கு எடுக்கப் போகும் நாளில், வண்டி சூடேறுவதற்கு முன்பே, கையேட்டில் முழுச் சுமைக்குச் சொன்ன அளவுக்குக் காற்று பிடிக்கிறோம். இறால் ஏற்றிய அன்று மாலை சக்கரங்களில் இரண்டு வாளி நல்ல தண்ணீர் ஊற்றிக் கழுவுவது பையனின் வேலை. வெடித்ததன் ஜோடி டயரை ஒரு மீன்காரத் தம்பி கேட்டு வாங்கிப்போனார். துறையில் படகு இடிபடாமலிருக்கப் பக்கவாட்டில் கட்டித் தொங்கவிட்டிருக்கிறார்.