பூனையின் குருதியில் சர்க்கரை

'அபூஹுரைரா' என்னும் பெயருக்குப் 'பூனைக்குட்டியின் தந்தை' என்பது பொருள். பூனையைக் கட்டிவைத்து, உணவளியாது சாகவிட்ட பெண் தண்டனைக்குரியவளானாள் என்னும் நபிமொழியை அறிவித்தோருள் அபூஹுரைரா (ரலி) அவர்களும் ஒருவர். வாயில்லாச் சீவனை வளர்ப்போரின் பொறுப்பு உணவளிப்பதோடு முடிவதில்லை. அதன் நோயறிதலும் நம் கடமையேயாம்.

பால்கோவாவிற்குப் புகழ்பெற்ற திருவில்லிபுத்தூரில் வாழினும் பூனைக்கு இனிப்பின் சுவை தெரியாது. இனிப்பை உணர்த்தும் மரபணு பூனையினத்தில் செயலிழந்துள்ளதை அறிவியலார் 2005ஆம் ஆண்டில் வெளியிட்டனர். மேற்குமலைப் புலிக்கும் இதுவே நிலை. எனினும் பூனைக்கு நீரிழிவு வருகின்றது. உடல் பருத்தவை, நடுவயது கடந்தவை, விதைநீக்கம் செய்யப்பெற்ற ஆண்பூனைகள் ஆகியவற்றிற்கு இந்நோய் மிகுதி. அடிக்கடி நீர் குடித்தல், மிகுதியாகச் சிறுநீர் கழித்தல், நன்கு உண்டும் மெலிதல் ஆகியன இதன் அறிகுறிகள்.

நலமுள்ள பூனையின் குருதியில் 100 மில்லிலிட்டருக்கு ஏறத்தாழ 80 முதல் 120 மில்லிகிராம் சர்க்கரை இருக்கும். ஆயின், இவ்விடத்தில்தான் ஓர் இடர் உண்டு. திருவில்லிபுத்தூரிலிருந்து கூடையிலடைத்துப் பேருந்தில் இராசபாளையம் கொண்டுசெல்லப்படும் பூனையை எண்ணிப் பாருங்கள். பேருந்தின் இரைச்சல், புதிய கைகள், மருத்துவமனை வாயிலில் அவ்வூர்ப் புகழ்பெற்ற வேட்டைநாயின் குரைப்பு! அச்சத்தில் சுரக்கும் அட்ரினலின் முதலியன கல்லீரலிலுள்ள சர்க்கரையைக் குருதியில் கலக்கச் செய்கின்றன. நோயில்லாத பூனைக்கும் அளவு 200ஐத் தாண்டும். சிலவேளை 300ஐயும் எட்டும். கருவி காட்டும் எண் மெய்யே. ஆனால் அது நோயின் அளவா, அச்சத்தின் அளவா என்பதே வினா.

ஆகவே ஒருமுறை எடுத்த அளவைக்கொண்டு முடிவு செய்தல் தகாது. சிறுநீரிலும் சர்க்கரை உளதா எனப் பார்த்தல் வேண்டும். 'ஃப்ரக்டோசமைன்' என்னும் குருதிச் சோதனை முந்தைய ஓரிரு வாரங்களின் சராசரி நிலையைக் காட்டுவதால், சற்றுமுன் தோன்றிய அச்சம் அதனை மாற்றுவதில்லை. மருத்துவரிடம் பழகிக்கொண்டு, வீட்டிலேயே காதின் ஓரத்தில் நுண்ணூசியால் குத்தி ஒரு துளி எடுத்தும் அளக்கலாம். மனிதர்க்கென அமைந்த கருவி பூனையின் அளவைப் பெரும்பாலும் குறைத்தே காட்டும் என்பதை நினைவிற் கொள்ளல் நன்று.

இத்துணை எச்சரிக்கை ஏன்? நோயில்லாத பூனைக்கு இன்சுலின் செலுத்தினால் சர்க்கரை 60க்குக் கீழிறங்கித் தள்ளாட்டமும் வலிப்பும் தோன்றி உயிரே பிரியலாம். அந்நிலை நேரின் ஈறுகளில் சர்க்கரைப் பாகு தடவி உடனே மருத்துவரை நாடுதல் வேண்டும். மாறாக, நோய் உண்மையென உறுதிப்பட்டு, இன்சுலினும் மாவுப்பொருள் குறைந்த உணவும் காலத்தே அமைந்தால், சில பூனைகள் பின்னர் இன்சுலின் இன்றியே வாழும் நிலையையும் அடைகின்றன.

தன் துன்பத்தைச் சொல்ல இயலாத உயிரின் பொருட்டு, அதன் அச்சத்தையும் நோயையும் பிரித்தறிதல் நம் பொறுப்பு. இரக்கம் அறிவோடு இணையும்போதே அது முழுமை பெறுகின்றது.