டோட் சந்துக் கடையும் காலை ஸ்கோனும்

கூட்டுறவுப் பயிற்சி பெற்றோர் அனைவரும் ஒரு பாடத்தை மனப்பாடம் செய்திருப்பர். இங்கிலாந்தில் ரோச்டேல் என்னும் ஆலை நகரில், டோட் சந்து 31ஆம் எண் கட்டிடத்தில், 1844ஆம் ஆண்டு டிசம்பர் 21ஆம் நாள் மாலை ஒரு சிறு கடை திறக்கப்பட்டது; அதனைத் தொடங்கிய முன்னோடிகள் 28 பேர்; தலைக்கு ஒரு பவுன் முதல்; அவர்களுள் பலர் கம்பளித் துணி நெய்த நெசவாளர். இதனைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் நாம் ஒப்பிப்போம். ஆயின், அன்று அக்கடையில் இருந்த சரக்கு யாது என்று எந்தத் தேர்வாளரும் நம்மைக் கேட்டதில்லை.

இருப்புப் பதிவேட்டைப் புரட்டிப் பழகிய கை சும்மா இருக்குமா? தேடிப் பார்த்தோம். இன்றைய அளவில் சொன்னால், வெண்ணெய் ஏறத்தாழ 12½ கிலோ, சர்க்கரை 25 கிலோ, கோதுமை மாவு 300 கிலோ, ஒரு மூட்டை ஓட்ஸ் மாவு, சில மெழுகுவத்திகள். இவ்வளவே. மெழுகுவத்தியை ஒதுக்கிவிட்டால், மீதமுள்ளவை ஸ்காட்லாந்துக்காரரின் ஸ்கோன் ரொட்டிக்கு வேண்டிய பண்டங்கள் என்பது நமக்குச் சற்றுப் பின்னரே விளங்கிற்று. உலர்ந்த திராட்சையும் பருப்பும் மட்டுமே குறை. அவற்றை உலகச் சந்தைக்குக் கொண்டுவந்தவை விளைவிப்போரின் சங்கங்கள். ஆதலின் நெசவாளரும் பயிரிடுவோரும் சேர்ந்து வாசிக்கும் இவ்விதழில் அந்த ரொட்டியைப் பற்றி எழுதுவது பொருந்தும் என்று துணிந்தோம்.

துணிவுக்கு வேறொரு காரணமும் உண்டு. சென்ற தை மாதத்தில் ஒரு கைத்தறி நெசவாளர் சங்கத்தின் கணக்கைச் சோதிக்கச் சென்றபோது, அங்கத்தினர் ஒருவரின் வீட்டில் காலையில் சிறிது நேரம் அமர நேர்ந்தது. அவ்வீட்டு அம்மையார், “ஐயா, இவர் தறிக்குழியில் காலை வைத்தால் பதினொரு மணிக்கு முன் எழுந்திருக்கமாட்டார். இட்லி அதுவரைக்கும் தாங்குகிறதில்லை. பசி வந்ததும் டீக்கடைப் பன்னுக்கு ஆள் அனுப்புகிறார்” என்றார். வயிற்றில் நிற்க வேண்டும். எண்ணெய் வழிந்து பாவில் கறை படியக்கூடாது. ஒரு கையால் எடுத்துத் தின்னத்தக்கதாய் இருக்கவேண்டும். இம்மூன்றையும் மனத்தில் குறித்துக்கொண்டு வீடு திரும்பினோம்.

ஸ்கோன் என்பது அடுப்புப் பெட்டியில் பிறந்த பண்டமன்று. ஸ்காட்லாந்தில் ஓட்ஸ் அல்லது பார்லி மாவை வட்டமாகத் தட்டி, நெருப்பின்மேல் தொங்கும் இரும்புக் கல்லில் சுட்டு, நான்காகக் கீறித் தின்றனர். 1513ஆம் ஆண்டில் கவின் டக்ளஸ் என்னும் ஸ்காட்டியக் கவிஞர் செய்து முடித்த மொழிபெயர்ப்புக் காவியத்திலேயே இச்சொல் வந்துவிட்டது. ‘ஸ்கோன்’ என்பதா ‘ஸ்கான்’ என்பதா என்று பிரிட்டனில் இன்றும் வழக்காடுகின்றனர். அந்நாட்டு மன்னர்கள் முடிசூடிய கல்லுக்கும் எழுத்தில் இதே பெயர்தான். அதனை ‘ஸ்கூன்’ என்று ஒலிப்பர். அக்கல்லை 1296இல் ஆங்கில மன்னன் முதலாம் எட்வர்டு கவர்ந்து சென்றான். 1996இல் அது ஸ்காட்லாந்துக்குத் திரும்பிற்று. ரொட்டிக்கும் கல்லுக்கும் தொடர்பில்லை என்று எண்ணியிருந்தோம், நாமே முதல் முறை சுட்டுப் பார்க்கும் வரையில்.

அன்று நாம் செய்த பிழை, சப்பாத்திக்குப் பிசைவதுபோல் மாவை அடித்துப் பிசைந்தது. வெந்து வந்ததை நம் தாயார் கையில் எடுத்துப் பார்த்து, “ஏன்டா, அம்மிக்குக் குழவி செய்தாயா?” என்று கேட்டார். கோதுமை மாவில் நீர் சேர்ந்து, கை அழுந்த அழுந்த, குளூட்டன் என்னும் புரதம் இழுவை பெறுகிறது. சப்பாத்திக்கு அது வேண்டும். ஸ்கோனுக்கு அதுவே பகை. தமிழில் இதற்கு இரண்டு சொற்கள் இருப்பது நல்லதாயிற்று: இதனைப் பிசையலாகாது, பிசற வேண்டும்.

எட்டுத் துண்டுகளுக்கு அளவு இது. கோதுமை மாவு 150 கிராம், மைதா 100 கிராம், நாட்டுச் சர்க்கரை 30 கிராம், உப்பு அரைத் தேக்கரண்டி, ஆப்ப சோடா அரைத் தேக்கரண்டி, வெண்ணெய் 50 கிராம், உலர்ந்த திராட்சை 60 கிராம், உடைத்த பருப்பு 50 கிராம், புளித்த மோர் ஏறத்தாழ 160 மில்லி. பருப்பு வாதுமையாயினும், அக்ரோட்டாயினும், பண்ணுருட்டிப் பக்கத்து முந்திரியாயினும் ஆகும். விலை இடிக்குமாயின், வறுத்துத் தோல் நீக்கிய நிலக்கடலையை ஒன்றிரண்டாக உடைத்துப் போடலாம். ஸ்காட்லாந்துக்காரர் ஒப்பமாட்டார்; நம் நாக்கு ஒப்புகிறது.

சோடாவில் கைத்தாராளம் கூடாது. மோரிலுள்ள புளிப்பும் சோடாவும் கலந்தவுடன் கரியமில வாயு கிளம்புகிறது; அதுவே மாவைத் தூக்குவது. புளிப்புக்கு மிஞ்சிய சோடா ரொட்டியில் தங்கி, மஞ்சள் நிறமும் சவர்க்காரச் சுவையும் தரும். ஈஸ்ட்டைப்போல் இரவு முழுதும் காத்திருக்க வேண்டாம் என்பதே இதன் நன்மை. 1843இல் பர்மிங்காம் நகரின் ஆல்பிரெட் பேர்டு என்னும் மருந்து வணிகர், ஈஸ்ட் ஒவ்வாத தம் மனைவிக்காகவே சோடா கலந்த ரொட்டித் தூளைச் செய்தார். டோட் சந்துக் கடை திறந்தது அதற்கு மறு ஆண்டு.

மாவைப் பற்றி இங்கு ஒரு சொல் கூறாமல் கடந்து செல்ல இயலவில்லை. அக்காலத்து ஆங்கிலக் கடைகளில் மாவிலும் ரொட்டியிலும் படிகாரம் கலப்பது பெருவழக்கு. மட்டமான மாவும் பளிச்சென்ற வெண்மை பெறும். 1820ஆம் ஆண்டிலேயே பிரெடெரிக் ஆக்கம் என்னும் வேதியியலறிஞர் உணவுக் கலப்படத்தை அம்பலப்படுத்தி லண்டனில் நூல் வெளியிட்டார். எனினும் உறுதியான சட்டம் வந்தது 1875இல்தான். இடையிலிருந்த 55 ஆண்டுகள் ஏழை என் செய்வான்? கடைக்காரனிடம் கடன்பட்ட நெசவாளி, மாவின் நிறத்தைப் பற்றி வாய் திறக்க இயலுமா? முன்னோடிகள் ரொக்கத்துக்கே விற்பது, கலப்படமற்ற பண்டமே விற்பது என்று வைத்த விதிகள் இந்த அடிமைக் கட்டை அறுக்க வந்தவையே.

அதன் பின் நிகழ்ந்ததுதான் வேடிக்கை. 1850இல் ரோச்டேல் கூட்டுறவாளர் தமக்கெனத் தனி மாவு ஆலைச் சங்கம் நிறுவினர். அதன் தூய மாவு சற்றே மங்கலாயிருந்தது. படிகார வெண்மைக்குப் பழகிய அங்கத்தினருள் பலர் முகம் சுளித்தனர். தம் சொந்த ஆலையின் நல்ல மாவை நல்லதென்று நம்பவே அவர்களுக்குக் காலம் பிடித்தது. மைதாவின் வெண்மையில் மயங்கும் நம் வீட்டாரும் அதே இனத்தவரே. மேற்சொன்ன அளவில் பழுப்பு மாவு மிகுந்திருப்பதற்குப் பசி தாங்கும் என்பது முதற் காரணம், இது இரண்டாவது.

இனிச் செய்முறை. திராட்சையைக் கழுவித் துணியில் ஈரம் போக ஒற்றிவைக்கவும். பருப்பை இலேசாக வறுத்துக்கொள்ளவும். மாவு, உப்பு, சோடா, சர்க்கரை ஆகியவற்றைச் சலித்துக் கலந்து, குளிர்ந்த வெண்ணெயைச் சிறு துண்டுகளாக இட்டு, விரல் நுனியால் பிசறவும். ரவைபோல் உதிர்ந்து வரவேண்டும். உள்ளங்கையின் சூடு பட்டால் வெண்ணெய் உருகிவிடும். நம் ஊர்க் கோடையில் இவ்வேலையை விடியற்காலையிலேயே முடிக்கவேண்டும். அல்லது முன்னிரவிலேயே இதுவரை செய்து குளிர்பெட்டியில் வைத்துவிடலாம். தறிவீட்டாருக்கு நாம் பரிந்துரைப்பது பின்னதே. காலையில் திராட்சையும் பருப்பும் சேர்த்து, மோரை ஊற்றி, கத்தி முனையாலோ கரண்டியாலோ நாலைந்து முறை புரட்டினால் போதும். மாவு சொரசொரப்பாக, சற்று ஒட்டும் பதத்தில் இருக்கும். அதைக் கண்டு கலங்கிப் பிசையத் தொடங்குவோர்க்கு நம் தாயாரின் கேள்வி காத்திருக்கிறது.

இரண்டு உருண்டையாக்கி, மாவு தூவிய பலகையில் ஒன்றரைச் சென்டிமீட்டர் கனத்துக்குத் தட்டி, ஒவ்வொன்றையும் நான்காகக் கீறவும். வெளியே துருத்தும் திராட்சையை உள்ளே அழுத்திவிடாவிட்டால் கருகிக் கசக்கும். கனத்த இரும்புத் தோசைக்கல்லைச் சூடாக்கித் தணலைக் குறைத்து, எண்ணெய் தடவாமல் மாவு மட்டும் தூவி, துண்டுகளை இட்டு மூடவும். பக்கத்துக்கு ஆறேழு நிமிடம். பிறகு ஓரங்களையும் கல்லில் நிறுத்தி வாட்டவும். மின் அடுப்புப் பெட்டி உள்ளோர் 220 பாகை வெப்பத்தில் 15 நிமிடம் வைக்கலாம். மேல் நன்கு உப்பி வரும். கல்லில் சுட்டது அடையைப்போல் தட்டையாயிருப்பினும் பழைய முறை அதுவே என்று தேறுதல் கொள்க. மோர் ஊற்றியபின் மாவைக் காத்திருக்க வைத்தால் வாயு வீணாகும். கல் முன்னரே சூடேறியிருக்கட்டும்.

வெந்த ரொட்டியைப் பிட்டதும் கண்ணில் முதலில் படுவது திராட்சை. அதன் கதை, சங்கம் வைத்து நடத்துவோர் அறியவேண்டியது. நான்கு கிலோ பழம் காய்ந்தால் ஏறத்தாழ ஒரு கிலோ உலர்ந்த திராட்சை. கலிபோர்னியாவின் பிரெஸ்னோ வட்டாரத்தில் கொடிகளின் இடையே தட்டில் பரப்பி வெயிலில் காயவைத்த விவசாயிகள், 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் அடக்க விலைகூடக் கிடைக்காமல் நொந்தனர். 1912இல் ஒன்றுகூடி விற்பனை அமைப்பை நிறுவினர். 1915இல் ‘சன்-மெய்ட்’ என்ற முத்திரை வழக்கில் வந்தது; செந்தொப்பிப் பெண்ணின் படமும் பெட்டியில் ஏறிற்று. விளைச்சலில் பத்தில் எட்டுப் பங்குக்கு மேல் அவ்வமைப்பின் கைக்கு வந்தது, விலையும் உயர்ந்தது.

இவ்வளவோடு நிறுத்தினால் கூட்டுறவு வார விழாச் சொற்பொழிவாகும். அந்தப் பெரும்பங்கு முழுவதும் மனமுவந்து வந்ததன்று. 1920களின் தொடக்கத்தில், ஒப்பந்தத்தில் கையெழுத்திட மறுத்த விவசாயிகளின் வீட்டு வாயிலில் இரவில் கூட்டம் கூடிற்று. மிரட்டினர், அடித்தனர், கொடிகளையும் வெட்டினர். அரசாங்கம் 1920இல் ஏகபோக வழக்குத் தொடுத்தது. பின்னர் விலையும் சரிய, 1923இல் அமைப்பைப் புதிதாகச் சீரமைக்க நேர்ந்தது. அது இன்றும் விளைவிப்போரின் உடைமையாகவே நடக்கிறது. அங்கத்தினர் சேர்ப்புக் காலத்தில் இலக்கு எண்ணிக்கைக்காக வீடு வீடாக நாமும் ஏறி இறங்கியதுண்டு. இட்ட கையெழுத்துகள் எல்லாம் விரும்பி இட்டவையா என்று அந்நாளில் நாம் கேட்டதில்லை. இக்கதையைப் படித்தபின் அது உறுத்துகிறது.

பருப்புகளிலும் இரு வழிகளைக் காணலாம். வாதுமை விளைவிப்போர் 1910இல் அமைத்த கலிபோர்னியச் சங்கம் இன்றும் கூட்டுறவே. 1912இல் தோன்றிய அக்ரோட்டுச் சங்கமோ 2005இல் பங்குச் சந்தை நிறுவனமாக மாறிவிட்டது. நம் கடைகளில் கிடைக்கும் திராட்சையில் பெரும்பகுதி கலிபோர்னியாவினது அன்று. மகாராஷ்டிரத்தின் சாங்லி, நாசிக் பகுதிகளிலிருந்து வருவது. அதனைப் பெரும்பாலும் நிழலில் உலர்த்துகின்றனர். ஆதலின் பச்சை கலந்த பொன்னிறம். ஸ்கோனுக்கு அதுவே மிக நன்று.

தேநீர் இன்றி ஸ்கோனைத் தின்ன ஆங்கிலேயர் உடன்படார். அத்தேநீரிலும் கூட்டுறவு உண்டு. இங்கிலாந்து, ஸ்காட்லாந்து கூட்டுறவு மொத்த விற்பனைச் சங்கங்கள் 20ஆம் நூற்றாண்டில் இலங்கையிலும் தென்னிந்தியாவிலும் கூட்டாகத் தேயிலைத் தோட்டங்களை வைத்திருந்தன. தேநீர் வாங்கிய ரோச்டேல் குடும்பம் அங்கத்தினர். ஆண்டு முடிவில் கொள்முதலுக்கு ஈவுத்தொகை பெற்றது. கொழுந்து கிள்ளிய தமிழ்ப் பெண் கூலியாள், அவளுக்கு நாட்சம்பளம். முன்னோடிகளின் விதிப் புத்தகம் கடலைக் கடந்து அவளிடம் வரவில்லை.

மாசியில் கணக்குச் சோதனையின் இரண்டாம் சுற்றுக்குச் சென்றபோது, எட்டுத் துண்டுகளைத் துணியில் சுற்றி அந்நெசவாளர் வீட்டுக்கு எடுத்துச் சென்றோம். அவர் தறிக்குழியில் அமர்ந்தபடியே ஒன்றைத் தின்றார், இன்னொன்றை எடுத்தார். அன்று பன்னுக்கு ஆள் போகவில்லை. அம்மையார் மட்டும், “திராட்சை விலைக்கு வாரம் இரண்டு நாள்தான் முடியும், ஐயா. மற்ற நாளுக்குக் கடலையும் வெல்லமும் போட்டுப் பார்க்கிறேன்” என்றார். பங்குனியில் கேட்டபோது, வெல்லத்தைத் தூளாக்காமல் சிறு கட்டிகளாகவே போட்டால் ஆங்காங்கே உருகி நன்றாயிருக்கிறது என்று நமக்கே கற்பித்தார்.

அன்றன்றைக்குச் சுடுவதே நலம், மாலைக்குள் வறண்டுவிடும். மிஞ்சியதைக் குறுக்கே பிளந்து, வெட்டிய பக்கம் கல்லில் படும்படி வைத்து வாட்டினால் மறுநாள் காலைக்கும் ஆகும்.