உங்களுக்குத் தெரியுமா? கொடி எரிப்பும் பேச்சுரிமையும்

இந்தித் திணிப்பை எதிர்த்து 1955 ஆகஸ்ட் 1 அன்று தேசியக் கொடியை எரிக்கப்போவதாகப் பெரியார் அறிவித்தார். இந்தி கட்டாயமாக்கப்படாது என்று முதலமைச்சர் காமராசர் உறுதியளித்ததும் போராட்டத்தை ஒத்திவைத்தார். வெறும் அறிவிப்பே அரசிடமிருந்து பதிலைப் பெற்றுத் தந்தது!

இரண்டே ஆண்டுகளில் நெருப்பு நிஜமாகவே மூண்டது. சாதிக்குப் பாதுகாப்புத் தரும் பிரிவுகளை நீக்கக் கோரி, 1957 நவம்பர் 26 அன்று அரசியல் சட்டத்தை எரிக்கச் சொன்னார் பெரியார். அதைத் தடுக்கவென்றே சென்னை மாநில அரசு அவசரமாக ஒரு சட்டம் இயற்றியது; மீறினால் மூன்றாண்டுவரை சிறை. தெரிந்தேதான் திராவிடர் கழகத்தார் எரித்தார்கள். ஆயிரக்கணக்கில் கைதானார்கள். சிலர் சிறையிலேயே உயிரிழந்தார்கள். அச்சடித்த தாளை எரித்ததற்கு அது மிகக் கொடிய விலை.

நாடு முழுமைக்குமான தேசிய கௌரவ அவமதிப்புத் தடுப்புச் சட்டம் 1971-இல் வந்தது. பொது இடத்தில் கொடியை எரித்தால் அதிலும் மூன்றாண்டுவரை சிறை உண்டு. ஆனால் கொடியையோ அரசியல் சட்டத்தையோ சட்டவழியில் மாற்றும் நோக்கத்தோடு விமர்சிப்பது குற்றமாகாது என்று அதே சட்டம் விளக்குகிறது. அமெரிக்க உச்ச நீதிமன்றமோ 1989-இல், ஐந்துக்கு நான்கு என்ற பெரும்பான்மையில், எதிர்ப்பைக் காட்டக் கொடியை எரிப்பதும் பேச்சுரிமைக்குள் அடங்கும் என்று தீர்ப்பளித்தது.