வேகாவிஸ்

வேகாவிஸ் என்பது கிரீத்தேசியக் காலத்தின் இறுதிக் கட்டத்தில் அண்டார்க்டிக்காவின் கடலோரப் பகுதியில் வாழ்ந்து, பின்னர் அற்றுப்போன நீர்ப்பறவைப் பேரினம் ஆகும். இது வாத்துகளுக்கு உறவான பறவையாகக் கருதப்படுகிறது. வேகாவிஸ் இயாயி என்பது இப்பேரினத்தின் அறியப்பட்ட இனமாகும். ஏறத்தாழ 6.9 கோடி ஆண்டுகளுக்கு முன், டைனோசர்கள் நிலத்தில் உலவிய காலத்திலேயே, இப்பறவையும் வாழ்ந்தது. இக்காலப் பறவைகளின் முன்னோர் டைனோசர்களின் அழிவுக்குப் பின்னரே தோன்றினரா, அன்றி அதற்கு முன்பே இருந்தனரா என்ற நெடுங்கால வினாவுக்கு விடை தரும் சான்றுகளுள் வேகாவிஸ் முதன்மையானது.

அறிவியல் வகைப்பாட்டின்படி பறவைகளும் டைனோசர்களின் ஒரு கிளையே ஆகும். எனினும் இக்கட்டுரையில் டைனோசர் என்னும் சொல், வழக்கத்தையொட்டி, பறவை அல்லாத டைனோசர்களை மட்டுமே குறிக்கிறது.

பெயர்

அண்டார்க்டிக்கத் தீவக்குறையின் வடகிழக்கில், ஜேம்ஸ் ராஸ் தீவுக்கு அருகில், வேகா தீவு அமைந்துள்ளது. இத்தீவின் பெயருடன் பறவை எனப் பொருள்படும் ஏவிஸ் என்னும் இலத்தீன் சொல் சேர்ந்து வேகாவிஸ் என்ற பேரினப் பெயர் உண்டாயிற்று. இயாயி என்னும் இனப்பெயர், இப்புதைபடிவத்தைக் கண்டெடுத்த பயணத்தை நடத்திய அர்கெந்தீன அண்டார்க்டிக்க நிறுவனத்தின் பெயர்ச் சுருக்கத்திலிருந்து ஆக்கப்பட்டதாகும்.

கண்டுபிடிப்பு

வேகாவிஸின் முதல் எலும்புக்கூடு 1992ஆம் ஆண்டில் வேகா தீவில் கிடைத்தது. எலும்புகள் கெட்டியான பாறைக் கட்டி ஒன்றினுள் பொதிந்திருந்தன. 1995இல் இதனைப் பற்றிய முதல் ஆய்வுக் கட்டுரை வெளிவந்தது. அதில் இது பிரெஸ்பியோர்னிஸ் என்னும் அற்றுப்போன வாத்துறவுப் பறவையின் குடும்பத்தைச் சேர்ந்தது எனக் கூறப்பட்டது. பின்னர் கணினி ஊடுகதிர் வரைவியல் முறையில், அதாவது மருத்துவமனைகளில் சி.டி. ஸ்கேன் எனப்படும் முறையில், பாறைக்குள் மறைந்திருந்த எலும்புகளும் ஆராயப்பட்டன. இதன் அடிப்படையில் ஜூலியா கிளார்க் தலைமையிலான குழுவினர் 2005இல் நேச்சர் இதழில் இப்பறவைக்குப் புதிய பெயர் சூட்டினர்.

அதே தீவில் கிடைத்த மற்றோர் எலும்புக்கூட்டினுள் பறவையின் ஒலியுறுப்பு இருப்பது பல ஆண்டுகள் கழித்தே அறியப்பட்டது. அது பற்றிய ஆய்வு 2016இல் வெளிவந்தது. 2011இல் வேகா தீவில் திரட்டப்பட்ட மற்றொரு மாதிரியில் ஏறத்தாழ முழுமையான மண்டையோடு இருந்தது. கிறிஸ்டோபர் டோரஸ் முதலானோர் அதனை ஆராய்ந்து 2025இல் நேச்சர் இதழில் வெளியிட்டனர். அம்மண்டையோடு கிடைத்த படிவுகளின் வயது 6.92 முதல் 6.84 கோடி ஆண்டுகள் வரை எனக் கணிக்கப்பட்டுள்ளது.

வாழ்ந்த சூழல்

அக்காலத்து அண்டார்க்டிக்கா இன்று போல் பனி மூடிய கண்டமாக இருக்கவில்லை. தென்முனையை ஒட்டியே இருந்தபோதிலும் அங்கு மிதமான தட்பவெப்பம் நிலவியது. ஊசியிலை மரங்களும் தென்பீச் மரங்களும் கொண்ட காடுகள் இருந்தன. எனினும் குளிர்காலத்தில் நீண்ட இருளும் கோடையில் நீண்ட பகலும் மாறி மாறி வந்தன.

வேகாவிஸ் வாழ்ந்த கடலில் மோசாசர், பிளீசியோசர் ஆகிய ஊர்வன நீந்தின. வேகா தீவிலேயே ஹாட்ரோசர் எனப்படும் வாத்துவாய் டைனோசரின் பல் ஒன்றும் கிடைத்துள்ளது. வாத்துவாய் என்பது அதன் வாயின் வடிவத்தைக் கொண்டு வழங்கும் பெயர் மட்டுமே. அவ்விலங்குக்கும் வாத்துக்கும் நெருங்கிய உறவு இல்லை.

உடலமைப்பும் வாழ்முறையும்

வேகாவிஸ் உருவ அளவில் ஒரு வாத்தினை ஒத்திருந்தது. அதன் அலகில் பற்கள் இல்லை. கால்களின் அமைப்பும் எலும்புகளின் திண்மையும் அது நீருக்குள் மூழ்கி இரை தேடியதைக் காட்டுகின்றன. 2025இல் விளக்கப்பட்ட மண்டையோட்டில் அலகு நீண்டு கூர்மையாக உள்ளது. தாடையை இயக்கும் தசைகள் வலுவாக இருந்தமைக்கான அடையாளங்களும் உள்ளன. நீருக்குள் மீனைத் துரத்திப் பிடிக்கும் பறவைகளுக்கு இத்தகைய தசைகள் தேவை. மூளையின் வடிவம் இக்காலப் பறவைகளினுடையதைப் போன்றது.

இதனைத் தமிழ்நாட்டு நீர்நிலைகளில் காணும் பறவைகளோடு ஒப்பிட்டு அறியலாம். பின்னலாடைத் தொழிலுக்குப் பெயர்பெற்ற திருப்பூர் நகருக்கு வடகிழக்கே நஞ்சராயன் குளம் உள்ளது. இது 2022இல் பறவைகள் சரணாலயமாக அறிவிக்கப்பட்டது; 2024இல் ராம்சார் ஈரநிலங்களின் பட்டியலில் சேர்க்கப்பட்டது. இத்தகைய குளங்களில் வாழும் புள்ளிமூக்கு வாத்து, தலையை மட்டும் நீருள் அமிழ்த்தி, வால் மேலே தெரியக் கவிழ்ந்து உணவு தேடும். தட்டைவாயன் வாத்து தன் அகன்ற அலகால் நீரைச் சலித்து உண்ணும். முக்குளிப்பானோ, உடலின் பின்பகுதியில் அமைந்த கால்களால் உந்தி முழுவதுமாக நீருள் மூழ்கி, இரையைத் துரத்திப் பிடிக்கும். இது வாத்துகளின் உறவினம் அன்று.

வேகாவிஸ் உறவினால் வாத்துகளோடு சேர்க்கப்பட்டாலும், வாழ்முறையால் முக்குளிப்பானைப் போன்றது. ஆகவே அதனை இன்றைய வாத்தின் உருவத்தில் கற்பனை செய்துகொள்வது பொருத்தமாகாது. தோற்ற ஒற்றுமை வேறு, மரபுவழி உறவு வேறு என்பதற்கு இது நல்ல எடுத்துக்காட்டாகும்.

ஒலியுறுப்பு

மனிதர் முதலிய பாலூட்டிகள் தொண்டையின் மேற்பகுதியில் உள்ள குரல்வளையால் ஒலி எழுப்புகின்றன. பறவைகளோ, மூச்சுக்குழாய் இரண்டாகப் பிரியும் அடிப்பகுதியில் அமைந்த சிரிங்ஸ் என்னும் உறுப்பினால் ஒலி எழுப்புகின்றன. இவ்வுறுப்பு பெரும்பாலும் குருத்தெலும்பால் ஆனதால் எளிதில் சிதைந்துவிடும், புதைபடிவமாவது அரிது. வேகாவிஸில் இதன் வளையங்கள் கனிமமேறி நிலைத்துள்ளன. 2016இல் இது வெளியிடப்பட்டபோது, அறியப்பட்டவற்றுள் மிகப் பழைய சிரிங்ஸ் இதுவேயாகும்.

இதன் வலப்பக்கமும் இடப்பக்கமும் ஒத்த அமைப்புடையன அல்ல. இக்கால வாத்துகள் பலவற்றிலும் இத்தகைய வேறுபாடு காணப்படுகிறது. இதனைக் கொண்டு வேகாவிஸ் வாத்துகளைப் போன்று கரகரத்த ஒலி எழுப்பியிருக்கலாம் என ஆய்வாளர் கருதுகின்றனர்.

வகைப்பாடும் கருத்து வேறுபாடும்

இன்று வாழும் பறவைகளை மூன்று பெருங்கிளைகளாகப் பிரிக்கலாம். தீக்கோழி முதலியன ஒரு கிளை. கோழிகளும் வாத்துகளும் சேர்ந்தது ஒரு கிளை. புறா, காகம், கழுகு முதலிய ஏனைய யாவும் ஒரு கிளை. மரபணுக்களை ஒப்பிட்டுக் காலத்தைக் கணித்த ஆய்வாளர்கள், இக்கிளைகள் டைனோசர்களின் காலத்திலேயே பிரிந்துவிட்டன என்றனர். ஆனால் அக்காலத்துப் பாறைகளில் கிடைத்த பறவைகளுள் பெரும்பாலானவை இக்கிளைகளுக்கு அப்பாற்பட்ட பழைய வகைகளே. ஆகவே டைனோசர்களின் அழிவுக்குப் பின்னரே இக்காலப் பறவைகள் விரைந்து தோன்றின என்று வேறு சிலர் வாதிட்டனர்.

வேகாவிஸின் சிறப்பு இவ்விடத்தில்தான் உள்ளது. ஒரு குடும்பத்தில் தம்பியின் வழிவந்தவர் ஒருவர் குறிப்பிட்ட காலத்தில் வாழ்ந்தார் என்று தெரிந்தால், அண்ணன் கிளையும் தம்பி கிளையும் அதற்கு முன்பே பிரிந்திருக்க வேண்டும். அதுபோல, 6.9 கோடி ஆண்டுகளுக்கு முன் வாத்துக் கிளையைச் சேர்ந்த பறவை இருந்தது எனின், அதற்கு முன்பே கோழிக் கிளை பிரிந்திருக்க வேண்டும். தீக்கோழிக் கிளையும் ஏனைய பறவைகளின் கிளையும் அதற்கும் முன்பே பிரிந்திருக்க வேண்டும். இவ்வாறு ஒரே ஓர் எலும்புக்கூடு பல கிளைகளின் தொன்மைக்குச் சான்றாகிறது.

இம்முடிவை அனைவரும் உடனே ஏற்கவில்லை. 2005ஆம் ஆண்டின் ஆய்வில் மண்டையோடு இடம்பெறவில்லை. ஆகவே வேகாவிஸ் வாத்து வரிசையைச் சேர்ந்ததுதானா என 2018இல் ஒரு குழுவினர் ஐயம் எழுப்பினர். 2025ஆம் ஆண்டின் மண்டையோட்டு ஆய்வு அதனை மீண்டும் வாத்து வரிசைக்குள்ளேயே வைத்தது.

டைனோசர் காலத்துப் பிற நீர்ப்பறவைகள்

நீர்ப்பறவையின் தோற்றம் கொண்ட அக்காலப் பறவைகள் யாவும் வாத்துகளின் உறவினங்கள் அல்ல.

கான்சஸ்: சீனாவின் கான்சு மாநிலத்தில் கிடைத்தது. வேகாவிஸைவிடப் பல கோடி ஆண்டுகள் பழையது. விரலிடைச் சவ்வு கொண்ட கால்கள் இதற்கு இருந்தன. எனினும் இது இக்காலப் பறவைகளின் கிளைகளுக்கு வெளியே வைக்கப்படுகிறது.

ஹெஸ்பரோர்னிஸ்: வட அமெரிக்காவில் வாழ்ந்தது. 1872இல் ஓத்னியல் சார்ல்ஸ் மார்ஷ் இதற்குப் பெயரிட்டார். பறக்கும் ஆற்றலற்ற, பற்கள் கொண்ட, மூழ்கி இரை தேடும் பெரிய பறவை.

தெவியோர்னிஸ்: மங்கோலியாவின் கோபிப் பாலைவனத்தில் கிடைத்தது, 2002இல் பெயரிடப்பட்டது. வாத்துறவாகக் கருதப்பட்டாலும், கிடைத்த எலும்புகள் சிலவே ஆதலின் இதில் கருத்து வேறுபாடு உள்ளது.

ஆஸ்டிரியோர்னிஸ்: பெல்ஜியத்தில் கிடைத்தது, 2020இல் பெயரிடப்பட்டது. ஏறத்தாழ 6.67 கோடி ஆண்டுகள் பழையது. இதன் மண்டையோட்டில் கோழியின் கூறுகளும் வாத்தின் கூறுகளும் கலந்துள்ளன.

மேலே குறிப்பிட்ட பிரெஸ்பியோர்னிஸ் நீண்ட கால்களும் வாத்தின் தலையும் கொண்டது. ஆயினும் அது டைனோசர்கள் அழிந்த பின்னர் வாழ்ந்த பறவையாகும்.

பேரழிவும் எஞ்சிய பறவைகளும்

6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் ஒரு பெரும் விண்கல் இன்றைய மெக்சிகோவின் யுகாத்தான் பகுதியில் மோதியது. அதனைத் தொடர்ந்த பேரழிவில் டைனோசர்கள் அற்றுப்போயின. பறவைகளும் இதற்குத் தப்பவில்லை. பற்கள் கொண்ட பறவை வகைகள் யாவும் அழிந்தன. இக்காலப் பறவைகளின் கிளைகளுள் சில மட்டுமே எஞ்சின.

இவை மட்டும் எஞ்சியமைக்குப் பல காரணங்கள் கூறப்படுகின்றன. தூசியும் புகையும் கதிரவனை மறைத்தபோது தாவரங்கள் அழிந்தன. ஆனால் மண்ணில் கிடந்த விதைகள் நிலைத்திருந்தன. அவற்றைக் கொத்தி உண்ணக்கூடிய பல்லற்ற அலகு உதவியிருக்கலாம் என்பது ஒரு கருத்து. காடுகள் அழிந்தமையால் மரவாழ் பறவைகள் மறைந்து, தரையில் வாழ்ந்தவை எஞ்சின என்பது மற்றொரு கருத்து. மோதல் நிகழ்ந்த இடத்திலிருந்து தொலைவில் இருந்த அண்டார்க்டிக்கா சில உயிரினங்களுக்குப் புகலிடமாக அமைந்திருக்கலாம் என்றும் கூறப்படுகிறது.

தமிழ்நாட்டுப் பாறைகள்

திருப்பூர், காங்கேயம் முதலிய கொங்குப் பகுதிகளின் அடித்தளம் மிகப் பழைய உருமாறிய பாறைகளால் ஆனது. இப்பாறைகள் டைனோசர்கள் தோன்றுவதற்கு வெகு காலத்துக்கு முன்பே, பெரும் வெப்பத்திலும் அழுத்தத்திலும் உருவானவை. ஆகவே இவற்றில் டைனோசர் காலத்துப் புதைபடிவங்கள் கிடைக்க வழியில்லை.

வேகாவிஸின் காலத்தைச் சேர்ந்த படிவுகள் தமிழ்நாட்டின் கிழக்கே அரியலூர்ப் பகுதியில் உள்ளன. அங்குள்ள கல்லமேடு படிவுகளிலிருந்து டைனோசர் எலும்புகளை 1929இல் சார்ல்ஸ் மேட்லி விளக்கினார். 1980களில் மிகப் பெரிய டைனோசர் ஒன்றின் எலும்புகள் அங்கிருந்து விளக்கப்பட்டு, புருகத்காயோசாரஸ் எனப் பெயரிடப்பட்டது. 2013இல் விளக்கப்பட்ட சிறு பல் ஒன்று, பறவைகளுக்கு மிக நெருங்கிய உறவான டுரூடான்டிட் வகை டைனோசரினுடையது எனக் கூறப்பட்டது.

புருகத்காயோசாரஸின் எலும்புகள் பின்னர் நொறுங்கி அழிந்துபோயின. இன்று எஞ்சியிருப்பவை வரைபடங்கள், ஒளிப்படங்கள், விளக்கங்கள் ஆகியனவே. அதன் உண்மையான அளவு பற்றிய ஐயத்தை மூல எலும்புகளைக் கொண்டு தீர்க்க இனி இயலாது. மாறாக, வேகாவிஸின் எலும்புகள் பாறைக் கட்டியோடு பாதுகாக்கப்பட்டன. அதனால்தான் அவற்றைக் கண்டெடுத்தபோது அறியப்படாத ஒலியுறுப்பினை இருபது ஆண்டுகளுக்கு மேல் கழித்துக் காண முடிந்தது. பறவைகளின் எலும்புகள் மெல்லியவை, உட்குழிவானவை. மழைக்கும் கல்லுடைப்புக்கும் விரைவில் சிதையக்கூடியவை. ஆகவே அரியலூர் போன்ற இடங்களில் கிடைக்கும் சிறு எலும்புத் துண்டுகளையும் சுற்றியுள்ள கல்லோடு சேர்த்துக் காப்பது இன்றியமையாதது ஆகும்.