முன்பின் தெரியாதவரோடு ஒரே தாளத்தில்

நியூயார்க்கின் ஹார்லெம் பகுதியில் 1926-இல் திறக்கப்பட்ட சவாய் பால்ரூம் என்ற நடன அரங்கம், 140-ஆவது தெருவிலிருந்து 141-ஆவது தெருவரை நீண்டு கிடந்தது. சற்றுத் தள்ளியிருந்த காட்டன் கிளப்பில் கறுப்பர்கள் மேடையேறி ஆடலாம், பாடலாம். விருந்தினராக நுழைய முடியாது. சவாயிலோ கறுப்பரும் வெள்ளையரும் ஒரே தரையில் ஆடினார்கள். பல மாநிலங்களில் இனப் பிரிவினை சட்டமாகவே இருந்த காலம் அது.

அங்கே இசைமேடைகள் இரண்டு. ஒரு குழு முடித்ததும் அடுத்த குழு தொடங்கிவிடும். ஆடுகிறவர்களுக்கு உடம்புச் சூடு தணியவே நேரமில்லை. டிரம்ஸ் கலைஞர் சிக் வெப்பின் குழுவில் பாடித்தான் பாடகி எல்லா ஃபிட்ஸ்ஜெரால்ட் பெயரெடுத்தார். ஆட்டத்தில் தேய்ந்துபோன மரத் தரையைச் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை மாற்ற வேண்டியிருந்தது. 1935 வாக்கில் ஃபிராங்கி மேனிங் என்ற இளைஞர், தன் ஜோடியை முதுகோடு முதுகாகத் தூக்கிப் புரட்டி, தாளம் பிசகாமல் முன்னால் இறக்கினார். அங்கே ஆடப்பட்ட லிண்டி ஹாப் என்ற ஜோடி நடனம் அன்று தரையை விட்டு எழும்பியது.

சேர்ந்து ஆடும்போது உடலுக்குள் நடப்பது என்ன? மூளையில் எண்டார்ஃபின் சுரக்கிறது என்பது ஆய்வாளர்களின் கணிப்பு. மூளைக்குள் சுரப்பதை நேரடியாக அளப்பது கடினம். ஆனால் எண்டார்ஃபின் வலியை மட்டுப்படுத்தும் என்பதால், வலி தாங்கும் திறனை வைத்து அதை ஊகிக்கலாம். அந்த நூலைப் பிடித்துக்கொண்டு, ஆக்ஸ்ஃபோர்டைச் சேர்ந்த பிரான்வின் டார் குழுவினர் பிரேசிலின் மராஜோ தீவில் பள்ளி மாணவர்களை ஆடவைத்தார்கள். ஆட்டத்துக்கு முன்பும் பின்பும் ரத்த அழுத்தம் பார்க்கும் பட்டையைக் கையில் சுற்றி, தாங்க முடியவில்லை என்று மாணவர் சொல்லும்வரை காற்றடித்தார்கள். 2015-இல் வெளியான முடிவின்படி, வியர்க்க ஆடியவர்கள் கூடுதல் வலி தாங்கினார்கள். உட்கார்ந்தபடி கையை மட்டும் அசைத்தவர்களிடமும், எல்லாரும் ஒன்றுபோல அசைத்தபோது அந்தத் திறன் கூடியது. கூட ஆடியவர்களிடம் ஒட்டுதலும் வளர்ந்தது. உடலுழைப்பு ஒரு வழி, ஒத்திசைவு இன்னொரு வழி என்று இரண்டும் தனித்தனியே வேலை செய்வதுதான் எனக்குப் பெரும் வியப்பு. சவாயில் இரண்டுமே இரவு முழுக்கக் கிடைத்தன.

அந்த நெருக்கம் எல்லாருக்கும் பிடிக்கவில்லை. 1943-இல், விபச்சாரம் நடப்பதாகக் குற்றம் சாட்டி சவாயைச் சில மாதங்கள் மூடிவைத்தார்கள். இரு நிறத்தாரும் கைகோத்து ஆடியதே உண்மைக் காரணம் என்று ஹார்லெம்வாசிகள் பலர் நம்பினார்கள். நானும் அப்படித்தான் நினைக்கிறேன். 1958-இல் அரங்கம் நிரந்தரமாக மூடப்பட்டது. அங்கே குடியிருப்புகள் எழுந்தன.

தபால் துறையில் வேலைக்குப் போய்விட்ட மேனிங்கை 1980-களில் இளம் ஆட்டக்காரர்கள் தேடிப்பிடித்தார்கள். 2009-இல் இறக்கும் முன்பு, பல நாடுகளுக்குப் போய் லிண்டி ஹாப் கற்றுக்கொடுத்தார் அவர். ஸ்வீடனின் ஹெராங் கிராமத்தில் கோடை முகாமுக்கு வருகிறவர்கள், பாட்டுக்குப் பாட்டு ஜோடி மாற்றி, பெயர்கூடத் தெரியாதவரோடு அதை ஆடுகிறார்கள்.