கப்பலில் ஒரு கோடு

கொழும்புத் துறைமுகத்தில் நிற்கும் சரக்குக் கப்பலின் பக்கத்திலே, வட்டமொன்றும் அதனை ஊடறுக்கும் கோடொன்றும் தீட்டப்பட்டிருத்தலை நாம் காண்கிறோம். பாரமேற்றுதற்கு எல்லை காட்டுவது அது. அதற்காகப் போராடியவர் மாலுமியல்லர். ஒரு நிலக்கரி வியாபாரி.

1824இல் பிறிஸ்டல் நகரிற் பிறந்தவர் சாமுவேல் பிளிம்சோல். இலண்டனில் தொடங்கிய வியாபாரம் நொடித்துப்போகவே, வாரம் 8 சிலிங்குக்கும் குறைந்த பணத்தில் ஏழைகள் விடுதியிற் காலங்கழித்தார். பின்னர் செல்வம் சேர்ந்தது. அவ்வேழைகளை அவர் மறந்தாரல்லர். 1868இல் டேர்பித் தொகுதியின் பாராளுமன்ற அங்கத்தவரானார்.

உழுத்த கப்பலைப் பெருந்தொகைக்குக் காப்புறுதி செய்து, மட்டுமீறிப் பாரமேற்றி அனுப்பிய முதலாளிகள் அன்றிருந்தனர். கப்பல் மூழ்கினும் அவர்க்கு நட்டமில்லை. ஒப்பந்தஞ் செய்தபின் ஏற மறுத்த மாலுமிக்கோ சிறை! 1873இல் பிளிம்சோல் நூலெழுதி இதனை நாடறியச் செய்தார். 1875 ஜூலையில் பிரதமர் டிஸ்ரேலி கப்பற் சட்டமூலத்தைக் கைவிட முனைந்தபோது, மாலுமிகளைச் சாவுக்கு அனுப்பும் கயவரெனச் சபையிலேயே வைது, முட்டியை உயர்த்தினார். சபை மரபு மீறியது உண்மையே, மன்னிப்பும் கேட்டார். ஆயினும் அடக்கமாகப் பேசியிருந்தால் எவர் செவிசாய்த்திருப்பர் என்றே நாம் கேட்போம். மக்கள் கொதித்தெழுந்தனர், அரசாங்கம் இணங்கியது.

1876ஆம் ஆண்டுச் சட்டம் கோடு தீட்டுவதைக் கட்டாயமாக்கிற்று. வேடிக்கை யாதெனில், எவ்விடத்தில் தீட்டுவதென்பதை முதலாளியின் விருப்புக்கே விட்டது! 1890இற்றான் அவ்விடத்தையும் சட்டம் வரையறுத்தது. அப்போது பிளிம்சோலுக்கு வயது 66. பாராளுமன்ற ஆசனத்தை 1880இலேயே துறந்திருந்தார்.