சி.பி.கே. பரிசோதனை: ஒரு எண்ணை வாசிப்பது எப்படி?



எங்கள் ஆய்வுக்கூடத்திற்காகத் தாங்கள் அனுப்பும் காணிக்கையினால் என்னென்ன பரிசோதனைகள் நடைபெறுகின்றன என்று அறிய ஆசைப்படுவீர்கள். அவற்றில் ஒன்றைப்பற்றி இம்மடலில் எழுதுகிறோம். சீட்டில் ‘சி.பி.கே.’ அல்லது ‘சி.கே.’ என்று இருக்கும். முழுப்பெயர் கிரியேட்டின் கைனேஸ். அந்த எண்ணைக் கண்டு காரணமில்லாமல் கலங்கினவர்கள் உண்டு. அப்பரிசோதனையைச் செய்யாமலே வருஷக்கணக்காய் அலைந்தவர்களும் உண்டு.

நம் தசைகளுக்குத் திடீரென்று சக்தி தேவைப்படும்போது, சேமித்து வைத்ததிலிருந்து அதை எடுத்துக் கொடுக்கிற நொதியே இது. உடற்தசையில் மிகுதியாகவும், இருதயத்திலும் மூளையிலும் ஓரளவும் இருக்கிறது. இதன் இடம் தசை அணுவுக்குள்ளே. அணுவின் சுவர் சேதப்பட்டால், கீறல் விழுந்த பானையின் தண்ணீரைப்போல இரத்தத்தில் கசிந்துவிடுகிறது. ஆகவே இரத்தத்தில் இது மிகுந்திருந்தால் எங்கோ தசை சேதமடைகிறது என்று அறிகிறோம். ஏன் என்பதை எண் மட்டும் சொல்லாது.

பெரியவர்களுக்கு லிட்டருக்கு ஏறக்குறைய 200 யூனிட் வரை சாதாரணம் எனலாம். இந்த அளவு ஆய்வுக்கூடத்துக்கு ஆய்வுக்கூடம் மாறும். பெண்களைவிட ஆண்களுக்குச் சற்று அதிகமாகவே இருக்கும். பழக்கமில்லாதவர் ஒருநாள் முழுவதும் மண்வெட்டினால், மறுநாளோ அதற்கடுத்த நாளோ இவ்வெண் ஆயிரத்தைத் தாண்டக்கூடும். சில நாளில் தானாகவே இறங்கிவிடும். தசையில் போட்ட ஊசி, வலிப்பு, மதுபானம், தைராய்டு குறைவு, கொழுப்பைக் குறைக்கத் தரும் சில மாத்திரைகள் ஆகியவையும் இதை உயர்த்தும். “முந்தாநாள் என்ன வேலை செய்தீர்கள்? ஊசி எதுவும் போட்டார்களா?” என்று மருத்துவர் கேட்பது வீண்பேச்சு அல்ல.

முன்பு மாரடைப்பைக் கண்டறியவும் இதன் ஒரு வகையை அளந்தார்கள். இன்று பெரும்பாலும் அந்த இடத்தை ட்ரோபோனின் பரிசோதனை எடுத்துக்கொண்டது. தசை பேரளவில் நசுங்கினாலோ, கடற்பாம்பு கடித்தாலோ எண் பல ஆயிரங்களுக்கு ஏறும், சிறுநீர் கறுத்துப்போகும், சிறுநீரகம் செயலிழக்கும் ஆபத்து உண்டு. அப்பொழுது நாளைக்குப் பார்க்கலாம் என்று இருக்கக்கூடாது.

ஆனாலும் இந்த மடலை எழுதத் தூண்டியவர்கள் சிறுபையன்களே. நாலைந்து வயதுப் பையன். ஓடினால் விழுகிறான், படியேறத் திணறுகிறான். தரையிலிருந்து எழும்போது, கைகளை முழங்காலிலும் தொடையிலும் ஊன்றித் தன்மேலேயே ஏறுகிறவனைப்போல எழுகிறான். கெண்டைக்கால் மட்டும் பருத்திருக்கும். பாட்டிமார் அதைப் பார்த்து நல்ல சதைப்பிடிப்பு என்று மகிழ்வார்கள். இது டூஷென் தசைச்சிதைவு நோயாக இருக்கலாம். சுமார் 3,500 முதல் 5,000 ஆண்பிள்ளைகளில் ஒருவருக்கு இது வருகிறது. தசையணுவின் சுவரைத் தாங்கும் டிஸ்ட்ரோபின் என்ற புரதம் இவர்களிடம் இல்லை. அப்புரதம் கண்டறியப்பட்டது 1987-இல். அதற்கு வெகு முன்பே, 1959-இல், தசைச்சிதைவு நோயாளிகளின் இரத்தத்தில் கிரியேட்டின் கைனேஸ் உயர்ந்திருப்பதை ஜப்பானில் எபாஷியும் அவரோடு உழைத்தவர்களும் எடுத்துக்காட்டியிருந்தார்கள். இப்பிள்ளைகளுக்கு அது 10,000, 20,000 என்று நிற்கும். நடை தளர்வதற்கு முன்பே, பிறந்த நாளிலிருந்தே உயர்ந்திருக்கும்.

இங்கேதான் அடிக்கடி தடுமாற்றம் நேரிடுகிறது. கல்லீரலுக்கென்று பார்க்கும் எஸ்.ஜி.ஓ.டி., எஸ்.ஜி.பி.டி. இரண்டும் தசையிலும் இருக்கின்றன. தசை சிதைந்தால் அவையும் உயரும். காய்ச்சலுக்காக இரத்தம் பார்த்த இடத்தில் அவை கூடுதலாக இருக்கக் கண்டு, மஞ்சள்காமாலை என்று நினைத்துப் பத்தியமும் கீழாநெல்லியும் மாதக்கணக்கில் கொடுக்கப்படுவதுண்டு. கண் மஞ்சளாக இல்லை, பிலிருபின் சரியாக இருக்கிறது, ஆனாலும் அந்த இரண்டும் இறங்கவில்லையென்றால், ஒரு சி.பி.கே. பார்ப்பது நல்லது. பிள்ளையின் கல்லீரலிலிருந்து திசு எடுப்பதற்கு முன்னால் கட்டாயம் பார்க்கவேண்டும்.

இன்னொரு காரியம், பெற்றோருக்கு நாங்கள் திரும்பத் திரும்பச் சொல்லவேண்டியது. ஐந்து வயதில் 18,000 இருந்த எண் பதினான்கு வயதில் 3,000 ஆகலாம். சுகமாகிறான் என்று குடும்பமே சந்தோஷப்படும். உண்மையில், கசிவதற்கு மீந்திருக்கும் தசை குறைந்துவிட்டது. அதைச் சொல்லுகிற வேளை எங்களுக்கும் கடினமானதே. இந்நோயில் அடிக்கடி சி.பி.கே. எடுத்துப் பணம் செலவழிப்பதில் பயனில்லை என்பது எங்கள் எண்ணம். நோயைச் சந்தேகிக்க ஒருமுறை போதும். உறுதிசெய்ய மரபணுப் பரிசோதனை வேண்டும். அதற்குப்பின் பார்க்கவேண்டியவை பையனின் நடை, மூச்சு, இருதயம்.

பூரண சுகம் தரும் மருந்து இன்னும் இல்லை. ஆனாலும் ஸ்டீராய்டு மாத்திரைகளைத் தக்க காலத்தில் ஆரம்பித்தால் நடக்கும் காலம் நீளுகிறது. கால் தசைநாண்கள் இறுகாமலிருக்கப் பயிற்சி உண்டு. முன்பு பதின்வயது முடிவதற்குள் பலர் மரித்தார்கள். மூச்சுக்கும் இருதயத்திற்கும் நல்ல பராமரிப்பு கிடைக்கிறவர்கள் இன்று முப்பது வயதையும் எட்டுகிறார்கள்.

தாமதமாகக் கண்டறிவதால் வேறொரு நஷ்டமும் உண்டு. மூத்தவனுக்கு என்னவென்று தெரியுமுன் இளையவனும் பிறந்துவிடுகிறான். மரபணுக் குறையைச் சுமக்கும் தாய் பெறும் ஒவ்வொரு ஆண்பிள்ளைக்கும் இந்நோய் வர பாதிக்குப்பாதி வாய்ப்பு. இது யார் செய்த பாவம் என்று கேட்டு, மருமகளைப் பிறந்த வீட்டுக்கு அனுப்புகிறவர்களும் இருக்கிறார்கள். மூன்றில் ஒரு பங்கு பையன்களின் தாய்மாரிடம் அந்தக் குறையே கிடையாது. பிள்ளையிடம் அது புதிதாகத் தோன்றியது. குறையைச் சுமக்கிற தாயும் அதை விரும்பிச் சுமக்கவில்லை. தாயின் சி.பி.கே. சாதாரணமாக இருந்தால்கூட அதை நம்பி முடிவுசெய்ய முடியாது. அவருக்கும் சகோதரிகளுக்கும் மரபணுப் பரிசோதனையே தேவை.

தங்கள் சபையின் ஓய்வுநாள் பள்ளியில், பதினெட்டு மாதமாகியும் நடக்காதிருந்தவன், அடிக்கடி விழுகிறவன், கையூன்றி எழுகிறவன் யாராவது இருந்தால், சோம்பேறி என்று கடிந்துகொள்ள வேண்டாம். ஒரு சிறு குழாய் இரத்தம் போதும், வெறும்வயிறாய் வரவேண்டியதில்லை. தசையில் ஊசி எதுவும் போடுவதற்கு முன்னால் அழைத்துவரும்படி பெற்றோரிடம் சொல்லுங்கள்.